மனவடுவுடன் வகுப்புக்கு வரும் பிள்ளை: வடக்கு, கிழக்குப் பாடசாலைகள் கற்றுத்தந்தவை

போர் ஓயாதிருந்த காலத்தில் வட இலங்கைப் பாடசாலைகளில் நடத்தப்பட்ட ஓர் உளசமூகத் திட்டத்தின் முடிவுகள் 2012ஆம் ஆண்டில் ஓர் உளமருத்துவ ஆய்விதழில் வெளியாகின. வீட்சே டோல் என்ற ஆய்வாளரும் அவருடைய குழுவினரும் 1,370 பிள்ளைகளைப் பரிசோதித்து, அவர்களிலிருந்து 399 பேரைத் தெரிந்தெடுத்து, 199 பேருக்கு ஐந்து வாரங்களில் பதினைந்து அமர்வுகள் நடத்தினார்கள். மற்ற 200 பேரும் காத்திருப்போர் பட்டியலில் வைக்கப்பட்டார்கள். சிந்தனைப் பழக்கங்களைச் சீர்செய்யும் பயிற்சிகளும் ஆக்கச் செயற்பாடுகளும் கலந்த, நன்கு திட்டமிடப்பட்ட அமர்வுகள் அவை. ஆனால் மூன்று மாதங்கள் கழித்து இரு குழுக்களையும் ஒப்பிட்டுப் பார்த்தபோது, மனவடு, மனச்சோர்வு, பதகளிப்பு ஆகிய மூன்று முதன்மைக் குறிகளிலும் மொத்தத்தில் குறிப்பிடத்தக்க வேறுபாடு தெரியவில்லை. நடத்தைப் பிரச்சினைகள் குறைந்திருந்தன; ஆண்பிள்ளைகளுக்கும் வயதிற் குறைந்தவர்களுக்கும் சில நன்மைகள் கிட்டியிருந்தன. பெண்பிள்ளைகளின் நிலைதான் எதிர்பாராதது. மனவடு அறிகுறிகளைப் பொறுத்தவரை, அமர்வுகளில் பங்குபற்றிய பெண்பிள்ளைகளை விட, எதுவும் செய்யப்படாமல் காத்திருந்த பெண்பிள்ளைகளே கூடுதலாகத் தேறியிருந்தார்கள்.

இந்த முடிவை வைத்துக்கொண்டு, பாடசாலையில் எதுவுமே செய்யவேண்டாம் என்று சொல்லிவிட முடியாது. ஆனால் பாதிக்கப்பட்ட பிள்ளைக்கு வகுப்பறை என்ன செய்யலாம், எதைச் செய்யக்கூடாது என்ற கேள்வியை அது கூர்மையாக்குகிறது. நல்லெண்ணத்தோடு செய்யப்படுவதெல்லாம் நன்மையாக முடியும் என்ற நம்பிக்கையை முதலில் ஒதுக்கி வைத்துவிட்டுத்தான் இந்த விடயத்துக்குள் போகவேண்டியிருக்கிறது.

வடக்கு, கிழக்குப் பிள்ளைகள் கண்டவற்றின் அளவை ஓரளவு நினைவுபடுத்திக்கொள்வது தேவை. 1983 முதல் 2009 மே வரை நீண்ட போரில், வகுப்பறையே பல தடவை களமானது. 1995 செப்டெம்பர் 22ஆம் திகதி வடமராட்சி கிழக்கின் நாகர்கோவிலில் விமானக் குண்டுகள் விழுந்தபோது இறந்தவர்களில் பலர் பாடசாலை மாணவர்கள். அதற்கு அடுத்த மாத இறுதியில் வலிகாமம் முழுவதும் ஓரிரவில் இடம்பெயர்ந்தது. 2004 டிசெம்பர் 26ஆம் திகதி ஆழிப்பேரலை, ஏற்கெனவே போரால் நைந்திருந்த அதே கரையோரக் கிராமங்களுக்குள் புகுந்தது. 2009இல் இறுதிப் போரிலிருந்து வெளியே வந்த இரண்டரை லட்சத்துக்கும் மேற்பட்டோர் வவுனியா முகாம்களில் அடைக்கப்பட்டார்கள். அங்கே கூடாரங்களின் கீழ் பாடம் நடந்தது, அந்த ஆண்டின் பொதுப் பரீட்சைகளையும் முகாமுக்குள்ளிருந்தே பிள்ளைகள் எழுதினார்கள். 2019 ஏப்ரல் 21ஆம் திகதி, போரைக் காணாத தலைமுறை என்று நாம் நினைத்துக்கொண்டிருந்த மட்டக்களப்புப் பிள்ளைகள், ஞாயிறு மறைக்கல்வி முடித்து சியோன் தேவாலய முற்றத்தில் நின்றபோது குண்டு வெடித்தது. அதன்பின் பாடசாலைகள் மீளத் திறந்தபோது வாசலில் புத்தகப்பைகள் சோதிக்கப்பட்டன.

போர்நிறுத்தக் காலத்தில், ஜெர்மனியின் கொன்ஸ்டன்ஸ் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த தோமஸ் எல்பேர்ட் முதலிய ஆய்வாளர்கள், இங்கேயே பயிற்றப்பட்ட உளவளத்துணை ஆசிரியர்களைக் கொண்டு 420 மாணவர்களை நேர்கண்டார்கள். 92 வீதமானோர் குண்டுவீச்சு, எறிகணை, அன்புக்குரியவரின் மரணத்தைக் கண்ணால் காணுதல் போன்ற கடுமையான அனுபவங்களில் ஒன்றையேனும் கடந்து வந்திருந்தார்கள். நெருக்கீட்டுக்குப் பிற்பட்ட மனவடு நோய் என்று மருத்துவம் வரையறுக்கும் நிலையில் இருந்தவர்கள் 25 வீதம். இந்த இரண்டு எண்களையும் சேர்த்தே வாசிக்கவேண்டும். ஏறத்தாழ எல்லாப் பிள்ளைகளும் கண்டிருக்கிறார்கள்; நோயாகும் அளவுக்கு அது தங்கிவிட்டது நால்வரில் ஒருவரிடம். மற்ற மூவரும் பாதிக்கப்படவில்லை என்பது இதன் பொருளன்று. குடும்பம், அயல், கோயில், விளையாட்டு, நாளாந்த வேலைகள் என்பவற்றின் தாங்குதலில் அவர்கள் தாமாகவே எழுந்து நடந்தார்கள். அதே ஆய்வு இன்னொன்றையும் காட்டியது: ஒரு பிள்ளை எத்தனை வகையான கொடுமைகளைக் கண்டதோ, அந்த எண்ணிக்கை கூடக்கூட நோய்க்கான வாய்ப்பும் கூடியது. ஒரே ஓர் இழப்பைத் தாங்கிய பிள்ளை, இடப்பெயர்வும் பட்டினியும் பெற்றோர் மரணமும் ஒன்றன்மேல் ஒன்றாக விழுந்தபோது உடைந்துபோனது.

வகுப்பறையில் இது எப்படித் தெரியும் என்பதுதான் ஆசிரியருக்குச் சிக்கலான இடம். ஏனென்றால் மனவடு தன் பெயரைச் சொல்லிக்கொண்டு வருவதில்லை. அது பெரும்பாலும் ‘படிப்பில் கவனமில்லாத பிள்ளை’யாகவோ ‘அடங்காத பிள்ளை’யாகவோதான் வந்து உட்காருகிறது. தரம் ஏழில் கணித பாடம் நடக்கிறது என்று வைத்துக்கொள்வோம். வெளியே யாரோ தகரக் கதவை ஓங்கிச் சாத்துகிறார். நாற்பது பேரில் முப்பத்தைந்து பேர் திரும்பிப் பார்த்துவிட்டுக் கொப்பிக்குத் திரும்புகிறார்கள். மூன்றாம் வாங்கில் இருக்கும் ஒருவன் மேசைக்குக் கீழே குனிந்துவிட்டான். பக்கத்திலிருப்பவன் சிரிக்க, இவன் நிமிர்ந்த வேகத்திலேயே அவன் முகத்தில் குத்துகிறான். யன்னலோரத்து வாங்கில் ஒரு சிறுமி அசையவே இல்லை. பேனை கையில் இருக்கிறது, கண் கரும்பலகையில் இருக்கிறது, அடுத்த பத்து நிமிடம் அவள் எதையும் எழுதவில்லை. வகுப்பு முடியும்போது அந்தப் பையனின் பெயர் ஒழுக்கப் பதிவேட்டில் ஏறியிருக்கும். சிறுமியின் பெயர் எங்கும் ஏறியிருக்காது. ‘அமைதியான பிள்ளை’ என்று தவணை அறிக்கையில் ஒரு பாராட்டுக்கூட அவளுக்குக் கிடைக்கலாம்.

இரண்டு பேரிடமும் நடந்தது ஒன்றுதான். உயிராபத்தில் இருந்த மூளை, ஆபத்தை முந்தியறியும் வேலைக்கு முன்னுரிமை கொடுக்கப் பழகிவிடுகிறது. அச்சத்தை உணர்ந்து உடலை உசுப்பும் அமிக்டலா என்ற பகுதி மிகச் சிறிய சைகைக்கும் விழித்துக்கொள்கிறது. யோசித்து அடக்கும் வேலையைச் செய்யும், நெற்றிக்குப் பின்னாலுள்ள மூளைப்பகுதியின் கட்டுப்பாடு அந்தக் கணத்தில் தளர்ந்துபோகிறது. உடல் அப்போது தாக்கும், ஓடும், அல்லது உறைந்துபோகும். இவற்றில் எதையும் பிள்ளை தெரிந்தெடுப்பதில்லை. இரவில் கெட்ட கனவுகளால் தூக்கம் கெட்டிருந்தால் பகலில் விழிப்பு நிற்காது. தொழிற்படும் நினைவில் பாதி காவல் வேலைக்குப் போய்விட்டால், மூன்று படிகள் கொண்ட ஒரு கணக்கை இறுதிவரை மனத்தில் வைத்திருக்க முடியாது. எல்பேர்ட் குழுவினர் செய்த நினைவாற்றல் சோதனையிலும், பாடசாலைப் புள்ளிகளிலும், பிறரிடமிருந்து ஒதுங்கும் தன்மையிலும் பாதிக்கப்பட்ட பிள்ளைகளின் பின்னடைவு தெளிவாகவே பதிவாகியிருந்தது. தரம் ஐந்து புலமைப்பரிசில் பரீட்சைக்காக எட்டு வயதிலேயே பிள்ளையைத் தயார்செய்யத் தொடங்கும் நமது கல்விமுறையில், அந்தப் பின்னடைவு சோம்பலாகவும் மந்தமாகவும் வாசிக்கப்பட்டு, பிள்ளைக்கு இரண்டாவது அடியாக இறங்குகிறது.

இனி, தொடக்கத்தில் சொன்ன ஆய்வுக்கு வரலாம். அதை இன்னோர் ஆய்வுக்குப் பக்கத்தில் வைத்தால்தான் அதன் பொருள் துலங்கும். ஆழிப்பேரலை வந்து சில வாரங்களுக்குள், வடகிழக்குக் கரையில் அமைந்த ஒரு முகாமில், கிளௌடியா கட்டானி, பிராங்க் நொய்னர் உள்ளிட்ட அதே கொன்ஸ்டன்ஸ் குழுவினர் 8 முதல் 14 வயது வரையான, மனவடு நோயின் அறிகுறிகள் முழுமையாகத் தென்பட்ட 31 பிள்ளைகளைத் தெரிந்து, அவர்களை இரண்டாகப் பிரித்து, உள்ளூரில் பயிற்றப்பட்ட உளவளத்துணையாளர்களைக் கொண்டு ஆறு அமர்வுகள் நடத்தினார்கள். ஒரு பகுதியினருக்கு வாழ்க்கைக் கதையை முறையாக விவரிக்கும் சிகிச்சை. அதில் பிள்ளை தரையில் ஒரு கயிற்றை நீட்டி வைத்து, பிறந்த நாள் முதல் இன்றுவரை தன் வாழ்வை அதன்மேல் அடுக்குகிறது. மகிழ்ந்த நாட்களுக்குப் பூ, நொந்த நாட்களுக்குக் கல். பின்னர் ஒவ்வொரு கல்லாக, அந்த நேரத்தின் ஓசை, மணம், உடலின் உணர்வு அனைத்தையும் சேர்த்து, தொடக்கமும் முடிவும் உள்ள கதையாக அது மாற்றப்படுகிறது. மற்றப் பகுதியினருக்குத் தியானமும் தளர்வுப் பயிற்சியும். ஆறு மாதங்களின் பின் முதற் குழுவில் 81 வீதமானோரும் இரண்டாவதில் 71 வீதமானோரும் நோய்நிலையிலிருந்து மீண்டிருந்தார்கள்.

முகாமில் செய்தது நன்றாக வேலை செய்தது, பாடசாலையில் செய்தது தடுமாறியது, ஏன்? முதலாவது வேறுபாடு, யாருக்கு என்பது. முகாமில் நடந்தது, நோய் உறுதியாகிய சிலருக்குத் தனித்தனியே செய்யப்பட்ட சிகிச்சை. பாடசாலையில் நடந்தது, நோயாளர் என்று சொல்லமுடியாத பலருக்கும் கூட்டாகச் செய்யப்பட்ட முற்காப்பு. தானாகவே தேறிக்கொண்டிருந்த ஒரு சிறுமியை, வாரத்துக்கு மூன்று தடவை பழைய அச்சத்தை நினைவூட்டும் ஒரு வட்டத்தில் உட்கார வைத்தால், அந்தத் தேறுதல் இடையில் குலைந்துபோகலாம். டோல் குழுவினரே, இத்தகைய திட்டங்கள் சிலரின் இயல்பான மீட்சியைப் பாதிக்கக்கூடும் என்ற எச்சரிக்கையோடுதான் தங்கள் கட்டுரையை முடித்தார்கள். இரண்டாவது வேறுபாடு இன்னும் முக்கியமானது. நாளாந்தப் போர் நெருக்கடிகள் குறைவாக இருந்த பிள்ளைகளிடம் அதே அமர்வுகள் நல்ல பயன் தந்திருந்தன. வெளியே ஊரடங்கும் சுற்றிவளைப்பும் ஆட்கடத்தலும் நடக்கையில், ‘நீ இப்போது பாதுகாப்பாக இருக்கிறாய்’ என்று வகுப்புக்குள் எவ்வளவு அழகாகச் சொன்னாலும் பிள்ளை அதை நம்பாது. நம்பாதிருப்பதுதான் அதன் அறிவுடைமை.

ஆழிப்பேரலைக்குப் பின் கரையோரப் பாடசாலைகளுக்குத் தொண்டு நிறுவனங்கள் வந்த வேகத்தை நினைவில் வைத்திருப்பவர்களுக்கு இது புதிதாகத் தோன்றாது. வந்தவர்கள் பிள்ளைகளிடம் முதலில் கொடுத்தது நிறப்பென்சில். முதலில் கேட்டது அலையின் படம். ஒரு குழு போனபின் இன்னொரு குழு வந்து அதே அலையை மீண்டும் வரையச் சொன்னது. கேட்டவர்களுக்கு அது ஆற்றுப்படுத்தலாகத் தெரிந்தது. பிள்ளைக்கு அது வந்தவர்களுக்காகச் செய்யும் ஒரு கடமையாகிப் போனது. பல நிறுவனங்கள் கூடி 2007இல் வெளியிட்ட அவசரகால உளநல வழிகாட்டி, நடந்ததை உடனடியாக விவரிக்கச் செய்யும் ஒற்றை அமர்வுகளைச் செய்யவேண்டாம் என்று தெளிவாகக் கூறியது. அதே ஆண்டில் ஸ்டீவன் ஹொப்போலும் அவருடன் சேர்ந்த நிபுணர்களும் பேரனர்த்தத்துக்குப் பின் உடனும் இடைக்காலத்திலும் உதவுபவை என்று ஐந்தை அடையாளம் காட்டினார்கள்: பாதுகாப்புணர்வு, அமைதி, தன்னாலும் தம்மாலும் முடியும் என்ற நம்பிக்கை, பிறரோடு இணைந்திருத்தல், எதிர்காலம் பற்றிய நம்பிக்கை. இந்த ஐந்தில் ஒன்றுகூட நடந்ததை எடுத்துச் சொல்வதைக் கேட்கவில்லை. ஐந்துமே ஒரு நல்ல வகுப்பறை எந்த விசேட திட்டமும் இல்லாமல் நாள்தோறும் கொடுக்கக்கூடியவை.

ஆகவே ஆசிரியரின் வேலை கதையைத் தோண்டி எடுப்பதன்று என்பதே என் துணிபு. பிள்ளை தானாகச் சொன்னால் பொறுமையாகக் கேட்கவேண்டும்; சொல்லாவிட்டால் சொல்லாமல் இருப்பதற்கு அதற்கு இடம் வேண்டும். ஆசிரியரால் கொடுக்கக்கூடிய மிகப் பெரிய மருந்து, அடுத்து என்ன நடக்கும் என்று பிள்ளைக்கு முன்கூட்டியே தெரிந்திருப்பதுதான். எதிர்பாராதவைதான் அதன் வாழ்வை உடைத்தன. எதிர்பார்த்தபடி நடப்பவைதான் அதைச் சேர்த்துக் கட்டும். காலையில் வரும்போது பெயர் சொல்லி அழைத்தல், அன்றைய பாட ஒழுங்கைக் கரும்பலகையின் ஓரத்தில் எழுதிவைத்தல், நாளை வேறோர் ஆசிரியர் வருவாரென்றால் இன்றே அறிவித்தல், விளையாட்டுப் போட்டிக்கு வெடி கொளுத்தப்படும் என்றால் அதற்கு முன்பே சொல்லி, விரும்பாதவர்கள் நூலகத்தில் இருக்கலாம் என்று அனுமதித்தல் ஆகியவை எதற்கும் பணம் வேண்டியதில்லை. மேசைக்குக் கீழே குனிந்த அந்தப் பையனைக் கதவும் யன்னலும் தெரியக்கூடிய, முதுகுக்குப் பின்னால் சுவர் இருக்கும் இடத்தில் அமர்த்தினாலே அவன் உடலின் காவல் வேலையில் பாதி குறையும். அவன் கொதித்தெழும் நேரத்தில் காரணம் கேட்பதில் பயனில்லை. காரணத்தைச் சொல்லும் மூளைப்பகுதி அப்போது அவனிடம் இல்லை. குரலைத் தாழ்த்தி, ‘தம்பி, தண்ணி குடிச்சிட்டு வாரும், பிறகு கதைப்பம்’ என்று ஒரு வழி திறந்துவிட்டு, அடங்கியபின் குத்தியது தவறு என்பதையும் மறக்காமல் பேசவேண்டும். பரிவு என்பது ஒழுங்கைக் கைவிடுவதன்று. எல்லையே இல்லாத வகுப்பு இந்தப் பிள்ளைகளுக்குப் பாதுகாப்பாக அல்ல, இன்னொரு குழப்பமாகவே படும்.

உறைந்துபோகும் சிறுமியின் விடயத்தில் கவனிப்புத்தான் முதல் வேலை. அவளை எழுப்பி எல்லார் முன்னும் கேள்வி கேட்பது அவளை இன்னும் உள்ளே தள்ளும். அருகில் போய், கையில் பிடிக்கக்கூடிய ஒரு சிறு வேலையைக் கொடுத்தல், கொப்பிகளைப் பகிர்ந்துகொடுக்கச் சொல்லுதல், ஒரே தோழியோடு சேர்ந்து செய்யும் பயிற்சியில் சேர்த்தல் போன்றவை அவளை நிகழ்காலத்துக்கு மெல்ல இழுத்து வரும். முன்னறிவிப்பில்லாமல் பின்னாலிருந்து தோளைத் தொடுவது, அன்பினால் ஆனாலும், வேண்டாம்.

பாடத்திட்டத்துக்குள்ளேயே ஒளிந்திருக்கும் கண்ணிகளைப் பற்றி ஆசிரியர் பயிற்சிகளில் அதிகம் பேசப்படுவதில்லை. தமிழ்ப் பாடத்தில் ‘எனது குடும்பம்’, ‘என் வாழ்வில் மறக்கமுடியாத நாள்’ என்று கட்டுரைத் தலைப்புக் கொடுப்பது நமது நெடுநாள் வழக்கம். தந்தையின் முடிவு தெரியாத பிள்ளை அந்தத் தாளில் என்ன எழுதும்? ஒன்று, இல்லாத தந்தையை இருப்பதாகப் புனையும். அல்லது வெற்றுத் தாளைக் கொடுத்து ஏச்சு வாங்கும். இரண்டு தலைப்புகள் கொடுத்து விரும்பியதை எழுதச் சொன்னால் தீர்ந்துபோகும் விடயம் இது. ஆண்டுத் தொடக்கத்தில் பெற்றோர் விபரத் திரட்டு வரும்போது வகுப்பாசிரியர் பெயர்ப்பட்டியலை உரக்க வாசித்து, ‘தகப்பன் என்ன தொழில்? இருக்கிறாரா, இல்லையா?’ என்று நாற்பது பேர் கேட்கக் கேட்பதும் அப்படித்தான். காணாமல் ஆக்கப்பட்டவரின் பிள்ளைக்கு அந்தக் கேள்விக்கு விடை இல்லை. இறந்தார் என்று சொன்னால் தாயின் காத்திருப்புக்குத் துரோகம். இருக்கிறார் என்று சொன்னால் எங்கே என்ற கேள்வி வரும். அமெரிக்க உளவியலாளர் பொலின் பொஸ் நிச்சயமற்ற இழப்பு என்று பெயரிட்டு விளக்கிய இந்த நிலை, சடங்கும் முடிவும் இல்லாததால் துயரம் நகராமல் நிற்கும் நிலை. அந்தப் படிவத்தைத் தாயிடமோ பாதுகாவலரிடமோ தனியாகக் கேட்டு நிரப்புவதற்கு ஐந்து நிமிடம் கூடச் செலவாகும், அவ்வளவுதான்.

வீட்டுப் பக்கத்தையும் பார்க்காமல் இது முடியாது. 2008இல் வெளியான கட்டானி குழுவினரின் மற்றோர் ஆய்வில், வடகிழக்கில் எழுந்தமானமாகத் தெரிந்தெடுக்கப்பட்ட 296 தமிழ் மாணவர்களுள் 82.4 வீதமானோர் போர் தொடர்பான ஓர் அனுபவத்தையாவது கண்டிருந்தார்கள். வீட்டுக்குள் ஏதோவொரு வகை வன்முறையை ஒருமுறையேனும் அனுபவித்தவர்களோ 95.6 வீதம். தந்தையின் குடியும் குடும்பம் கண்ட போரும் அந்த வன்முறையோடு சேர்ந்தே கூடின. அதாவது வெளியே நடந்த போர் வீட்டுக்குள்ளும் ஒரு வடிவத்தில் தொடர்ந்தது. இதை அறிந்த ஆசிரியர், சின்னக் குற்றத்துக்கெல்லாம் ‘நாளைக்குத் தகப்பனைக் கூட்டிக்கொண்டு வா’ என்று அனுப்பமாட்டார். அந்த ஒரு வரி இரவில் என்னவாக மாறும் என்பதை அவர் ஊகித்துக்கொள்வார்.

பாடசாலையின் பிரம்பைப் பற்றியும் சொல்லியாக வேண்டும். உடல் ரீதியான தண்டனையைத் தடுத்து இலங்கைக் கல்வி அமைச்சு 2005ஆம் ஆண்டிலேயே 2005/17 இலக்கச் சுற்றுநிருபத்தை வெளியிட்டது. ஆசிரியர் அறைந்ததால் செவிப்புலன் பாதிக்கப்பட்ட மாணவன் ஒருவனின் வழக்கில், அது அரசியலமைப்பின் 11ஆம் உறுப்புரையை மீறிய செயல் என்று 2021இல் உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. இருந்தும், ‘ஒரு தட்டுத் தட்டாட்டி படியாதுகள்’ என்ற பேச்சு ஆசிரியர் ஓய்வறைகளில் ஓயவில்லை. பெற்றோரிலும் பலர் அதை ஆமோதிக்கிறார்கள். சட்டம் ஒருபுறமிருக்க, மனவடு சுமந்த பிள்ளையிடம் பிரம்பு ஒழுக்கத்தைக் கற்பிக்காது என்பதே நடைமுறை உண்மை. பெரியவர்கள் ஆபத்தானவர்கள் என்று அதன் உடல் ஏற்கெனவே கற்றிருக்கும் பாடத்தையே அது உறுதிப்படுத்தும்.

மட்டக்களப்பில் 1996இல் தொடங்கப்பட்ட வண்ணத்துப்பூச்சி சமாதானப் பூங்காவை இந்த இடத்தில் நினைவுகூர்வது பொருந்தும். கனேடியக் கலைஞர் போல் ஹோகனும் யேசுசபைத் துறவியான அருட்தந்தை போல் சற்குணநாயகமும் உள்ளூர் இளைஞர்களும் சேர்ந்து அமைத்த அந்தத் தோட்டத்துக்கு, தமிழ், முஸ்லிம் பாடசாலைகளிலிருந்து பிள்ளைகள் வாரத்தில் ஒரு நாள் என்ற கணக்கில் மாதக்கணக்காக வந்து போனார்கள். மண் பிசைந்தார்கள், கதை கட்டினார்கள், நாடகம் ஆடினார்கள், விலங்குகளைப் பராமரித்தார்கள். போரைப் பற்றிப் பேசவேண்டும் என்ற நிபந்தனை இருக்கவில்லை. சிலருடைய கதைக்குள் அது தானாக வந்தது. மாதக்கணக்கில் ஒரே நாள், ஒரே இடம், ஒரே முகங்கள் என்ற ஒழுங்குதான் அதன் பலம் என்று நான் நினைக்கிறேன். இரண்டு நாள் பயிற்சிப் பட்டறையும் சான்றிதழும் குழுப்படமுமாக முடிந்துபோகும் இன்றைய உளசமூகத் திட்டங்களில் அந்த நீளமும் நிதானமும் கிடைப்பதில்லை.

இன்று வகுப்பறையில் இருக்கும் பிள்ளைகளில் பெரும்பாலோர் 2009 மேக்குப் பின் பிறந்தவர்கள். அவர்களுக்கு எறிகணையின் ஒலி தெரியாது. ஆனால் மே மாதம் வந்தால் வீட்டில் அம்மா பேசாமல் போவதும், அம்மம்மா ஒரு புகைப்படத்தின் முன் இருந்து அழுவதும் தெரியும். யாழ்ப்பாணத்து உளமருத்துவர் தயா சோமசுந்தரம், போரும் ஆழிப்பேரலையும் தனி மனிதரோடு நிற்காமல் குடும்பத்தையும் சமூகத்தின் நம்பிக்கைகளையும் உடைத்ததைக் கூட்டு மனவடு என்று நெடுங்காலமாக எழுதிவருகிறார். குடி, நுண்கடன், வெளிநாட்டு வேலைக்குப் போன தாய், இளவயது மணம், போதைப்பொருள் என்று இன்றைய பிள்ளைக்கு வரும் நெருக்கடிகளை, போர் முடிந்துவிட்டது என்ற ஒரு வரியால் அதிலிருந்து பிரித்துவிட முடியாது. ஆதலால் எந்தப் பிள்ளை எதைக் கண்டது என்ற பட்டியலைத் தேடாமல், எல்லாப் பிள்ளைக்கும் ஒரே பாதுகாப்பான ஒழுங்கைக் கொடுப்பதும், அதற்குள்ளும் தேறாதவரை இனங்காண்பதுமே நடைமுறைக்கு ஏற்றது.

அப்படித் தேறாத பிள்ளையை எப்போது அனுப்புவது என்பதற்குச் சில தெளிவான அடையாளங்கள் உண்டு. ஒரு மாதத்துக்கும் மேலாகத் தூக்கக் கேடு, பகற்கனவு போல நடந்தது கண்முன் மீளத் தோன்றுதல், குறிப்பிட்ட இடத்தையோ ஆளையோ விடாப்பிடியாகத் தவிர்த்தல், படிப்பிலும் நட்பிலும் திடீர்ச் சரிவு ஆகியவை ஒன்றாகத் தென்பட்டால், பாடசாலையின் வழிகாட்டல் ஆலோசனை ஆசிரியர் ஊடாக மாவட்ட அல்லது ஆதார வைத்தியசாலையின் உளநலப் பிரிவுக்கு அனுப்பவேண்டும். பிள்ளை சாவைப் பற்றிப் பேசினாலோ, தன்னை வெட்டிக்கொண்டிருந்தாலோ, துன்புறுத்தப்படுவதாகச் சொன்னாலோ ஒரு மாதம் பார்த்திருக்கக்கூடாது; அன்றைக்கே. தேசிய சிறுவர் பாதுகாப்பு அதிகாரசபையின் 1929 இலக்கமும் தேசிய மனநல நிறுவகத்தின் 1926 இலக்கமும் ஆசிரியர் ஓய்வறைச் சுவரில் ஒட்டப்பட்டிருக்க வேண்டியவை. ‘யாருக்கும் சொல்லமாட்டேன்’ என்று பிள்ளைக்கு வாக்குக் கொடுப்பதை மட்டும் தவிர்க்கவேண்டும். ‘உன்னைப் பாதுகாக்கத் தேவையானவர்களுக்கு மட்டும் சொல்லுவன், சொல்லமுன்னம் உன்னட்டச் சொல்லுவன்’ என்பதே காப்பாற்றக்கூடிய வாக்கு. சொன்னது ஓய்வறைப் பேச்சாக மாறினால், அடுத்த பிள்ளை வாய் திறக்காது.

கடைசியாக ஆசிரியர்கள். இவ்வளவையும் செய்யச் சொல்லப்படுபவர்களும் அதே பங்கர்களுக்குள் இருந்தவர்கள், அதே முகாம்களில் வரிசையில் நின்றவர்கள். தம் சொந்தப் பிள்ளையை இழந்துவிட்டு அடுத்த மாதமே பிறர் பிள்ளைகளுக்குப் பாடமெடுத்தவர்களும் அவர்களுக்குள் உண்டு. மாணவனின் கொதிப்பைத் தாங்கவேண்டிய ஆசிரியரிடமே தாங்கும் இடம் இல்லாவிட்டால் பயிற்சிக் கையேடுகளால் ஒன்றும் ஆகாது. மாதம் ஒருமுறை, மேற்பார்வை என்ற பெயரில் புள்ளியிடாமல், ஓர் அனுபவமுள்ள உளவளத்துணையாளரோடு ஆசிரியர்கள் கூடிப் பேசும் நேரம் வலயக் கல்வி அலுவலகங்களின் நாட்காட்டியில் இடம்பெறவேண்டும். இதைவிடச் செலவில்லாத, ஆனால் கடினமான ஒன்றும் உண்டு. வன்னியின் உட்கிராமப் பாடசாலைகளுக்கு நியமிக்கப்படும் ஆசிரியர்களில் கணிசமானோர் நெடுந்தூரம் பேருந்தில் வந்து, கஷ்டப் பிரதேச சேவைக்காலம் முடிந்ததும் இடமாற்றம் பெற்றுப் போய்விடுகிறார்கள். அவர்களைக் குறை சொல்ல முடியாது; விடுதியும் போக்குவரத்தும் இல்லாத இடத்தில் குடும்பத்தோடு இருக்கச் சொல்ல யாருக்கு உரிமை? ஆனால் ஒரு முகத்தை நம்பப் பழகிய பிள்ளைக்கு, தவணை நடுவில் சொல்லாமல் அந்த முகம் மறைவது இன்னோர் இழப்பாகவே பதிகிறது. இடமாற்றம் ஆண்டு நடுவில் அல்லாமல் ஆண்டு முடிவில் நடக்கவேண்டும்; போகும் ஆசிரியர் வகுப்பில் விடைபெற்று, வரும் ஆசிரியரை அறிமுகம் செய்துவைத்துவிட்டுப் போவதற்கு ஒரு வாரமாவது ஒதுக்கப்படவேண்டும். இதற்குப் புதிய சட்டம் எதுவும் தேவையில்லை. இடமாற்றப் பட்டியலைத் தயாரிக்கும் அதிகாரிகள் திகதியை மாற்றினால் போதும்.